என்னைக் கேட்காமல் நீண்ட அறுபத்து மூன்று மாதங்கள்

2024 அக்டோபர் 9, புதன்கிழமை. காலை 4.40க்கு எழுந்தேன். மோட்டார் இருபத்திரண்டு நிமிடம் ஓடித் தொட்டி நிரம்பியது. பால் அரை லிட்டர். காலைக்கு ரவை உப்புமா, மதியத்துக்கு எலுமிச்சை சோறு, இரண்டு டப்பாக்களில். கணவர் முந்தின இரவுதான் ஆத்தூர் ஜவ்வரிசி ஆலையில் மரவள்ளிக் கிழங்கு லோடு இறக்கிவிட்டு வந்திருந்தார். எழுப்பவில்லை. மற்ற நாட்களில் 6.50 பேருந்தைப் பிடித்து, கச்சிராயபாளையம் வழியாகக் கல்வராயன்மலை ஏறி, நான் மருந்தாளுநராக இருக்கும் ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போவேன். அன்று மலைக்குப் போகவில்லை. கள்ளக்குறிச்சியிலேயே மருந்துக் கிடங்கில் எங்கள் நிலையத்துக்கு மருந்து வாங்கும் நாள். ஒன்பதரை மணிக்கு ஆரம்பித்து அறுபத்து நான்கு வகை மருந்துகளைப் பெட்டி பெட்டியாகப் பார்த்தேன். ஒவ்வொன்றிலும் தொகுதி எண், காலாவதித் தேதி. ஒரு பெட்டி இருமல் மருந்தில் நான்கு மாதம்தான் மிச்சம் இருந்தது. திருப்பிக் கொடுத்துவிட்டு வேறு வாங்கினேன். 11.20க்கு மருந்து வண்டி மலைக்குக் கிளம்பியது. எனக்கு மதியத்துக்கு மேல் அரை நாள் விடுப்பு. ஷேர் ஆட்டோ ஏறி வங்கிக்குப் போனேன்.

போன காரணம் இதுதான். என் கணவருக்கு ஐம்பத்து மூன்று வயது. இருபத்தாறு வருடமாக லாரி ஓட்டுகிறார். சொந்த லாரி இல்லை, சம்பளத்துக்கு. ஆகஸ்ட் மாதம் இடது கால் மரத்துப்போய், சேலத்தில் காட்டினோம். முதுகெலும்பின் கீழ்ப்பகுதியில் இரண்டு இடங்களில் நரம்பு நசுங்கியிருக்கிறது, இனியும் மலைப்பாதையில் லோடு வண்டி ஓட்டினால் கால் திரும்பி வராது என்று மருத்துவர் சொன்னார். அது கிளட்ச் மிதிக்கிற கால். தீபாவளியோடு இறங்கிவிடுகிறேன் என்று அவர் ஒப்புக்கொள்ள எனக்கு ஆறு வாரம் ஆனது. தீபாவளி அக்டோபர் 31. இன்னும் மூன்று வாரம்.

அவர் வருமானம் இல்லாமல் குடும்பம் ஓடுமா என்று செப்டம்பரிலேயே கணக்குப் போட்டு வைத்திருந்தேன். ஓடும். என் சம்பளத்தில் வீட்டுக்கடன் தவணை 13,399, சேலத்தில் நர்ஸிங் படிக்கும் மகளின் விடுதிச் செலவு, அவளுக்கான நகைச்சீட்டு 2,500, மளிகை, பேருந்து, மருந்து எல்லாம் போக எண்ணூறு ரூபாய் மிஞ்சும். எண்ணூறு போதும். கடன் 2036 ஜூன் மாதம் முடியும். அதே ஜூன் 30 நான் ஓய்வு பெறும் நாள். 2003க்குப் பிறகு, 2009இல் பணிக்கு வந்தவள் என்பதால் எனக்கு உறுதியான ஓய்வூதியம் கிடையாது. ஆகவே சம்பளமும் கடனும் ஒரே மாதத்தில் முடிய வேண்டும், முடியும். ஒவ்வொரு மாதமும் ஐந்தாம் தேதி தவணை போனதும், மீதித் தவணைகள் எத்தனை என்று நாட்குறிப்பில் சிவப்பு மையால் எழுதுவது என் வழக்கம். முதல் மாதம் 179. அந்த அக்டோபர் ஐந்தாம் தேதி 140.

அந்த 140ஐ வங்கியின் தாளில் பார்த்துவிட்டால் அவரை நிம்மதியாக லாரியிலிருந்து இறக்கலாம் என்று நினைத்தேன். வேறு சந்தேகம் எதுவும் இருந்து நான் போகவில்லை.

கடன் பிரிவில் இருந்தவர் முப்பது வயதுக்குள் இருப்பார். மரியாதையானவர். கேட்டதும் அச்சடித்துக் கொடுத்தார். கடைசிப் பக்கத்தில் மீதித் தவணைகள் என்ற இடத்தில் 203 என்று இருந்தது.

"சார், இது வேற யாரோட கணக்கோ" என்றேன்.

பெயரைப் பார்க்கச் சொன்னார். என் பெயர்தான். கடன் எண்ணும் என்னுடையதுதான்.

"நூத்து நாப்பது இருக்கணும் சார். நாப்பது கட்டிட்டேன். ஒரு மாசம்கூட தவறல."

"தவறல மேடம், ரெக்கார்டு சூப்பரா இருக்கு. வட்டி ஏறுச்சு இல்ல, அதனால டென்யூர், கடன் காலம், எக்ஸ்டெண்ட் ஆயிருக்கு. சிஸ்டமே பண்ணிடும்."

"எந்த வருஷம் முடியும்?"

அவர் திரையைப் பார்த்தார். "ரெண்டாயிரத்து நாப்பத்தொண்ணு, செப்டம்பர்."

எனக்கு அப்போது அறுபத்தைந்து வயது நடந்துகொண்டிருக்கும்.

இங்கே கொஞ்சம் பின்னால் போக வேண்டும். 2021இல் இந்த வீட்டைக் கட்டப் பதினைந்து லட்சம் கடன் கேட்டபோது, தவணை குறையட்டும் என்று பதினேழு வருடம் கேட்டேன். அதே கிளையில், அதே மேசையில், அப்போதிருந்த அதிகாரி முடியாது என்றார். ஓய்வு பெறும் மாதத்துக்கு மேல் ஒரு மாதம்கூடத் தர விதி இல்லை என்றார். நாட்குறிப்பில் இருக்கிறது. நான் இரண்டு வருடம் கேட்டபோது இல்லாத விதி, நான் கேட்காமல் அவர்களாகவே ஐந்தே கால் வருடம் நீட்டிக்கொண்டபோது எங்கிருந்து வந்தது? இதை அவரிடம் கேட்டேன். அது கடன் கொடுக்கும்போது பார்ப்பது, இது வேறு என்றார்.

"எங்கிட்ட யாரும் சொல்லலயே சார்."

"மெசேஜ் வந்திருக்கும் மேடம். மூணு தடவ போயிருக்கு. தவணைய ஏத்துனா கஸ்டமருக்குக் கஷ்டமாயிடும்னுதான் மாசத்த ஏத்துறோம். உங்க நல்லதுக்குத்தான்."

அந்த வார்த்தையில்தான் எனக்குக் கோபம் வந்தது. அதுவரை குழப்பம் மட்டுமே இருந்தது.

"சார், நான் மருந்து குடுக்கறவ. காலைல இருந்து எக்ஸ்பைரி தேதி பாத்துட்டுத்தான் வர்றேன். ஒரு மாத்திர அட்டையில இருக்கற தேதிய நான் அழிச்சிட்டு அஞ்சு வருஷம் தள்ளி அடிச்சா என்ன ஜெயில்ல போடுவாங்க. நீங்க பண்ணா அதுக்குப் பேரு எக்ஸ்டென்ஷனா?"

பக்கத்து மேசையில் நகைக்கடனுக்கு உட்கார்ந்திருந்தவர் திரும்பிப் பார்த்தார். அதிகாரி குரலைத் தாழ்த்தினார்.

"அக்ரிமெண்ட்ல இருக்கு மேடம். நீங்க கையெழுத்து போட்டிருக்கீங்க."

போட்டிருக்கிறேன். நாற்பத்தொரு இடத்தில். அதையும் அன்றே எண்ணி எழுதி வைத்திருக்கிறேன். கையெழுத்தை எண்ணியவள், அதற்கு மேலே இருந்ததைப் படிக்கவில்லை.

"தவணைய ஏத்திக்கிறேன், மாசம் ஏற வேணாம்னு நான் சொல்லியிருந்தா?"

"பண்ணியிருப்போம். ஒரு லெட்டர் குடுத்தா போதும். இப்பகூட குடுக்கலாம்."

"அத ஏன் சார் சொல்லல?"

"யாரும் கேக்க மாட்டாங்க மேடம்" என்றார். நிஜமாகவே வியப்போடுதான் சொன்னார்.

மீதியை 140 மாதத்திலேயே முடிக்க எவ்வளவு கட்ட வேண்டும் என்று கேட்டேன். தட்டிப் பார்த்து, அந்தத் தாளின் பின்பக்கத்தில் பென்சிலால் 16,006 என்று எழுதினார். இப்போது கட்டுவதைவிட 2,607 கூடுதல். என்னிடம் மிஞ்சுவது எண்ணூறு.

வீட்டுக்கு வந்து மூன்று மணிக்கு நாட்குறிப்புகளை எடுத்தேன். கணவர் வண்டியைக் கழுவப் போயிருந்தார். தாளை ஒரு பக்கம், நாட்குறிப்பை ஒரு பக்கம் வைத்துக்கொண்டு வரி வரியாகப் பார்த்தேன். நாற்பது மாதத்தில் நான் கட்டியது 5,35,960. அதில் கடனில் கழிந்தது 1,42,045. மீதி 3,93,915 வட்டி. மூன்று வருடம் நான்கு மாதம் தவறாமல் கட்டிய பிறகும் நான் வாங்கிய பதினைந்து லட்சத்தில் பதிமூன்றரை லட்சத்துக்கு மேல் அப்படியே நின்றது. போன ஐந்தாம் தேதி கட்டிய 13,399இல் 10,659 வட்டிக்கு, 2,740 கடனுக்கு. முதல் மாதம் கடனுக்குப் போனது 4,774. கட்டக் கட்டக் கடனுக்குப் போகும் பங்கு கூடும் என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். எனக்குக் குறைந்திருந்தது.

இப்படியே விட்டால், 2041 வரை நான் மொத்தம் கட்டப்போவது முப்பத்திரண்டு லட்சத்து நாற்பத்தேழாயிரம். கடன் வாங்கிய அன்று எனக்குத் தெரிந்திருந்த கணக்கு இருபத்து நான்கு லட்சத்துப் பன்னிரண்டாயிரம். அதுவே அதிகம் என்று நினைத்துத்தான் ஒப்புக்கொண்டேன். இடையில் எட்டு லட்சத்துக்கு மேல் ஏறியதற்கு என் வீட்டில் ஒரு செங்கல்கூடக் கூடவில்லை.

அந்த மூன்று குறுஞ்செய்திகளும் என் நாட்குறிப்பில் இருந்தன. 2022 ஜூலை, 2023 ஜனவரி, 2023 ஜூலை. ஒரு வார்த்தை விடாமல் தமிழில் எழுதி வைத்திருக்கிறேன். கடைசிச் செய்தி இது: "வட்டி விகிதம் 9.4% எனத் திருத்தப்பட்டுள்ளது. தவணைத் தொகை ரூ.13,399இல் மாற்றமில்லை. காலம் அதற்கேற்பச் சரிசெய்யப்படும்." முதல் செய்தியின் கீழே என் கையெழுத்தில் ஒரு வார்த்தை: நல்லது.

அந்த வார்த்தையை ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். என் மேல் வந்த கோபம் வங்கி மேல் வந்ததைவிடக் குறைவில்லை. ஆனால் இரண்டும் சமம் என்று நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். வட்டி எவ்வளவு என்று அந்தச் செய்தியில் எண் இருக்கிறது. தவணை எவ்வளவு என்று எண் இருக்கிறது. எத்தனை மாதம் கூடுகிறது என்பதற்கு மட்டும் எண் இல்லை, 'அதற்கேற்ப' என்ற சொல் இருக்கிறது. எண் தெரியாமலா அப்படி எழுதினார்கள்? அவர்களுடைய கணினிக்கு அந்த நிமிடமே தெரியும்.

நான் ஏன் அந்தச் சொல்லைத் தாண்டிப் போனேன் என்பதற்கும் ஒரு காரணம் உண்டு. எங்கள் பக்கத்தில் வட்டி என்றால் நூற்றுக்கு மாதம் எத்தனை ரூபாய் என்பதுதான். இரண்டு ரூபாய் வட்டி, மூன்று ரூபாய் வட்டி. எத்தனை மாதம் என்று யாரும் கேட்பதில்லை. நெல்லோ கரும்போ போட்ட பணம் வந்ததும் அசலைக் கொண்டுபோய்க் கொடுத்துப் பத்திரத்தைக் கிழித்துவிட்டு வருவார்கள். கடன் வாங்கும்போது களமருதூரில் பயிர் வைக்கும் என் அண்ணனிடம் யோசனை கேட்டேன். வருடத்துக்கு 6.9 சதவீதம் என்றதும், பன்னிரண்டால் வகுத்துப் பார்த்துச் சிரித்தார்.

"அம்பத்தேழு பைசா வட்டியா? பாப்பா, ஒரு ரூபா வட்டிக்கே இந்தப் பக்கம் எவனும் குடுக்க மாட்டான். கண்ண மூடிக்கினு வாங்கு."

வட்டி 9.4க்கு ஏறியபோதும் அவரிடம் சொன்னேன். எழுபத்தெட்டு பைசா என்று வகுத்தார். "இன்னும் ரூபாய்க்குக் கம்மிதான? இதுக்கா மூஞ்ச தூக்கி வெச்சிக்கினு கீற?" என்றார். இருபத்தொரு பைசா. நானும் அப்படித்தான் நினைத்தேன். அந்த இருபத்தொரு பைசாதான் அறுபத்து மூன்று மாதம். பைசாவைப் பார்க்கக் கற்றுக்கொண்ட நாங்கள் மாதத்தைப் பார்க்கவில்லை. ஊரில் வட்டிக்கு விடுகிறவரை என்ன சொன்னாலும் சரி, வட்டியை ஏற்றுவதாக இருந்தால் வாசலுக்கு வந்து நின்று முகத்துக்கு நேராகச் சொல்லுவார். நாமும் நான்கு வார்த்தை திரும்பச் சொல்லலாம்.

ஐந்தரை மணிக்குக் கணவர் வந்தார். இடது காலைக் கொஞ்சம் இழுத்துத்தான் படியேறினார்.

"இன்னாம்மா, மூஞ்சி இப்டி கீது? பேங்குக்காரன் வூட்ட பூட்டிட்டானா?"

தாளைக் காட்டினேன். நூற்று நாற்பது, இருநூற்று மூன்று, 2041. அவர் எண்களை விரலால் தொட்டுத் தொட்டுப் பார்த்தார்.

"தோ பாரு, எனக்குப் புரிஞ்ச மாதிரி சொல்றேன். ஆத்தூரு நாப்பது கிலோமீட்டருன்னு கல்லு பாத்துட்டு ஓட்டிக்கினே கீறேன். எவனோ ஒருத்தன் பின்னாடி வந்து கல்லப் புடுங்கி அறுபதுல நட்டுட்டான். டீசல் மட்டும் என்னுது. அதான?"

"அதேதாங்க."

"மலையில எவனாச்சும் அப்டி கல்லப் புடுங்குனா கட்டி வெச்சி ஒதைப்பாங்க" என்று சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது. கணக்கு அவருக்கும் புரிந்துவிட்டது. "சரி வுடு. ரெண்டாயிரத்து அறுநூறுதான? நான் இன்னும் கொஞ்ச நாளு ஓட்டிக்கினு போறேன். காலு இன்னா, உளுந்தா பூடுது?"

"விழுந்துடும்னுதான் டாக்டர் சொன்னாரு."

"டாக்டருங்க எல்லாம் ஜாஸ்தியாதான் சொல்வாங்க. நீயே அந்த எனம்தான்."

"நான் டாக்டர் இல்லீங்க, மருந்து குடுக்கறவ. அவங்க எழுதுனத படிச்சிட்டுத்தான் குடுப்பேன். உங்க ஸ்கேன் ரிப்போர்ட்டயும் படிச்சேன். அக்ரிமெண்ட்டத்தான் படிக்கல."

அவர் கைபேசியை எடுத்துக்கொண்டு வெளியே போனார். நான் தாளில் கோடு போட்டு இரண்டு பத்திகளாக எழுதினேன். மளிகையில் ஐந்நூறுக்கு மேல் குறைக்க முடியாது. விடுதியில் ஒரு ரூபாய் குறைக்க முடியாது. கடைசியில் ஒரே ஒரு வரிதான் பொருந்தியது. மகளின் நகைச்சீட்டு. மாதம் 2,500. இந்த வருடச் சீட்டுக்கு அக்டோபர் தவணையோடு பதினொரு மாதம் முடிகிறது. அடுத்த சீட்டு சேராமல் விட்டால் எண்ணூறோடு 2,500 சேர்ந்து 3,300. அதில் 2,607 போனால் மீதி 693.

தன் பெண்ணுக்கு நகை சேர்ப்பதை நிறுத்துவது எங்கள் வீடுகளில் வாய்விட்டுச் சொல்லக்கூடிய காரியம் இல்லை. ஆனாலும் சொல்லாமல் செய்ய மனம் வரவில்லை. மகளுக்குப் போன் செய்து எல்லாவற்றையும் சொன்னேன். முழுக்கக் கேட்டுக்கொண்டாள்.

"மாத்திரைய ஒண்ணு விடாம எண்றவ நீ. மாசத்த எண்ணாம விட்டுட்டியாம்மா?"

"எண்ணுனேன். தப்பா எண்ணுனேன்."

"விடு. நகையில்லாமயும் நர்ஸா சேத்துக்குவாங்க. அப்பாவ எறக்கு மொதல்ல."

தவணையை ஏற்றினால் வங்கிக்குப் போகாமல் எங்களிடம் நிற்பது நான்கு லட்சத்து எழுபதாயிரத்துக்கு மேல். அவளுக்கு நகையாகவே வாங்கினாலும் இந்தச் சீட்டு எதுவும் அந்த அளவுக்குச் சேர்த்திருக்காது என்று அவளிடம் சொன்னேன். அது உண்மை. ஆனாலும் என் மகளின் சீட்டை நிறுத்துவதற்கான முடிவை, எனக்குத் தெரியாமல் ஒரு கணினி 2022 ஜூலை மாதமே எடுத்துவிட்டிருந்தது.

ஆறே முக்காலுக்கு விண்ணப்பம் எழுதினேன். கடன் எண், தேதி, மாதத் தவணையை 16,006 ஆக உயர்த்தவும், கடன் காலத்தை 2036 ஜூன் மாதத்துக்குள் கொண்டுவரவும் கோருகிறேன் என்று. அதன் கீழே இன்னொரு பத்தி சேர்த்தேன். இனி வட்டி மாறும்போது எத்தனை மாதம் கூடுகிறது அல்லது குறைகிறது என்பதை எண்ணால் எழுதி, என் ஒப்புதல் பெற்ற பிறகே மாற்ற வேண்டும் என்று. இரண்டு படி. ஒன்றில் அவர்கள் முத்திரை வேண்டும். அதே தாளில் இன்னும் எத்தனை பேருக்கு இப்படிக் காலம் நீண்டிருக்கிறது என்றும் கேட்க நினைத்தேன். என் கடனுக்கான விண்ணப்பத்தில் அது சேராது என்று விட்டுவிட்டேன். தனியாக எழுதுவேன்.

கணவர் உள்ளே வந்தபோது முடிவைச் சொன்னேன். நகைச்சீட்டு என்றதும் முகம் சுருங்கியது.

"பொண்ணு நகைய கொடுத்து நான் வூட்ல குந்திக்கணுமா?"

"அவதான் உங்கள எறக்கச் சொன்னா."

"அவ சின்னப் பொண்ணு."

"அவ நரம்பு, எலும்பு எல்லாம் படிக்கறா. நீங்க கால இழுத்துக்கினு நடக்கறத போன தடவ வந்தப்ப பாத்துட்டுத்தான் போனா."

சாப்பிட்டு முடிக்கும்வரை அவர் சரி என்றும் சொல்லவில்லை, முடியாது என்றும் சொல்லவில்லை. அன்றைய பக்கத்தில் மீதித் தவணை 203 என்று எழுதினேன். ஐந்தாம் தேதி எழுதிய 140ஐ அடிக்கவில்லை. நான் எதையும் அடிப்பதில்லை.

மறுநாள், அக்டோபர் 10. காலை 4.40க்கு எழுந்ததும், அடுப்பைப் பற்றவைக்கும் முன், லாரி உரிமையாளருக்கு நானே போன் செய்தேன். அவர் நான்கு மணிக்கெல்லாம் லோடு பேச ஆரம்பித்துவிடுபவர்.

"அண்ணா, அவரு தீவாளிக்கு முந்தின நாள் வரைக்கும்தான் வருவாரு. வேற ஆள் பாத்துக்குங்க."

"இன்னாம்மா நீ? நேத்து சாய்ந்தரம்தான போன் பண்ணி, எறங்கல, இன்னும் அஞ்சாறு வருஷம் ஓட்டுவேன்னாரு?"

நேற்று கைபேசியோடு வெளியே போய்க் கணவர் பேசியது இதைத்தான்.

"அது செல்லாதுங்க அண்ணா. அந்த அஞ்சு வருஷத்த நாங்க ஒத்துக்கல."

உரிமையாளருக்கு ஒன்றும் புரிந்திருக்காது. சரி, கடைசி நாள் எது என்று கேட்டார். அக்டோபர் 30, புதன்கிழமை என்றேன். எழுதிக்கொள்ளச் சொன்னேன். எழுதியதைத் திரும்பப் படிக்கச் சொன்னேன். அவர் படித்துக் காட்டிய பிறகுதான் போனை வைத்தேன்.